காட்டுக்குப் போன ஆக்ஸ்போர்டுக்காரர்

மலர்க்குழு நண்பர் ஃபோனில் கூப்பிட்டு, "சார், நீங்க ஹிஸ்டரி பேட்ச் ஆச்சே, வரலாற்றுக் கட்டுரை ஒண்ணு கண்டிப்பா வேணும்" என்றபோது, சோழர் கால நீர்ப்பாசனம் பற்றித்தான் எழுதலாம் என்று நினைத்தேன். ஆனால் அதை எழுத என்னைவிடத் தகுதியானவர்கள் நம் சங்கத்திலேயே நாலைந்து பேர் இருக்கிறார்கள். அதனால் முப்பது நாற்பது ஆண்டுகளாக என் மனசில் உட்கார்ந்துகொண்டு எழுந்து போக மறுக்கிற ஒரு மனிதரைப் பற்றி எழுதுகிறேன். பெயர் வெரியர் எல்வின்.

இந்தப் பெயரை நான் முதலில் கேட்டது நம் கல்லூரியில்தான். மூன்றாம் வருஷம். எங்கள் வரலாற்று ஆசிரியர் பழங்குடிகள் பற்றிய பாடத்தை ஒரே வகுப்பில் முடித்துவிட்டு, "இதெல்லாம் பரீட்சைக்கு வராது. ஆனா எல்வின்னு ஒருத்தர் எழுதியிருக்கார், படிச்சுப் பாருங்க" என்று சொல்லிவிட்டுப் போனார். பரீட்சைக்கு வராது என்றதும் நாங்கள் படிக்கவில்லை. பிறகு நான் வங்கியில் சேர்ந்து, 1986இல் ஜபல்பூருக்கு மாற்றலாகி, கடன் வசூலுக்காக ஜீப்பில் மண்ட்லா பக்கம் போனபோதுதான் அந்தப் பெயர் மறுபடி காதில் விழுந்தது. உடன் வந்த உள்ளூர் குமாஸ்தா மலைப்பக்கம் கையைக் காட்டி, "அங்கேதான் எல்வின் சாகேப் இருந்தார்" என்றார். பரீட்சைக்கு வராத பாடம் பன்னிரண்டு வருஷம் கழித்து எதிரே வந்து நின்றது!

எல்வின் 1902இல் இங்கிலாந்தின் டோவர் நகரில் பிறந்தவர். அப்பா ஆப்பிரிக்காவில் சியரா லியோனில் பிஷப்பாக இருந்தவர். பையன் ஆக்ஸ்போர்டில் மெர்ட்டன் கல்லூரியில் படித்து, ஆங்கில இலக்கியத்திலும் இறையியலிலும் முதல் வகுப்பு வாங்கினார். பாதிரியாராகி, தம் நாட்டிலேயே பெரிய பதவிக்கு நேராகப் போய்ச் சேர்ந்திருக்க வேண்டியவர். 1927இல் பூனாவிலிருந்த கிறிஸ்த சேவா சங்கத்துக்குத் தொண்டு செய்யக் கப்பல் ஏறினார். இந்தியருக்கும் ஆங்கிலேயருக்கும் வித்தியாசம் பார்க்காமல் ஒன்றாக வாழ வேண்டும் என்ற எண்ணத்தில் தொடங்கப்பட்ட சங்கம் அது.

வந்த இரண்டு மாதத்தில், 1928 ஜனவரியில் சபர்மதி ஆசிரமத்தில் ஒரு சர்வமத மாநாடு. போனார், காந்தியைப் பார்த்தார், அவ்வளவுதான். கதர் கட்டினார், ராட்டை சுற்றினார், காங்கிரஸ் பக்கம் சாய்ந்தார். காந்தியும் அவரை மகன் ஸ்தானத்தில் வைத்திருந்தார். 1932 ஜனவரி 4ஆம் தேதி விடியற்காலையில் பம்பாய் மணிபவனில் காந்தியைக் கைது செய்ய போலீஸ் வந்தபோது, மொட்டை மாடியில் அவரோடு படுத்திருந்தவர்களில் எல்வினும் ஒருவர். அன்று திங்கட்கிழமை, காந்திக்கு மௌன விரத நாள். ஆகவே பேசாமல் காகிதத்தில்தான் எழுதிக் காட்டினார். எல்வினுக்கும் ஒரு குறிப்பு எழுதிக் கொடுத்துவிட்டுப் போனார்.

அந்த மாதமே எல்வின் தன் மராட்டிய நண்பர் ஷாம்ராவ் ஹிவாலேயோடு கரஞ்சியா என்ற கிராமத்துக்குப் போய்ச் சேர்ந்தார். நர்மதை பிறக்கிற அமர்கண்டக்குக்குப் பக்கம், மைக்கல் மலைத்தொடரில் உள்ள கோண்டு மக்களின் ஊர். கோண்டுகளுக்கு யாருமே எதுவும் செய்யவில்லை, அங்கே போங்கள் என்று யோசனை சொன்னது காங்கிரஸ் தலைவர்கள்தான். இருவரும் ஒரு மேட்டில் மண்சுவர் வைத்துக் குடிசைகள் கட்டினார்கள். சின்னப் பள்ளிக்கூடம், மருந்துக் கொட்டகை, பிறகு ஒரு தொழுநோயாளர் இல்லம். ஊர்ச் சனங்கள் எல்வினைப் பெரியண்ணன் என்றும் ஷாம்ராவைச் சின்னண்ணன் என்றும் கூப்பிட்டார்கள். இந்த ஷாம்ராவைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லியே ஆகணும். எல்வின் பெயர் உலகமெல்லாம் தெரிந்ததற்குப் பாதிக் காரணம், அவர் ஊர் ஊராகப் போய் எழுதிக்கொண்டிருந்தபோது, பின்னால் இருந்து மருந்து கொடுத்து, கணக்குப் பார்த்து, சனங்களின் சண்டையைத் தீர்த்து வைத்துக்கொண்டிருந்த இந்த மனிதர்தான். இப்படி ஒருவர் எல்லாப் பெரிய மனிதர்களுக்குப் பின்னாலும் இருப்பார். மலரில் அவர் படம் வராது.

தொண்டு செய்யப் போனவர் எழுத்தாளரானது எப்படி? எனக்குப் புரிந்தவரை, அவரைப் போட்டு அழுத்தின மூன்று நான்கு கைகள்தான் காரணம். உள்ளூர் பிஷப், அரசுக்கு விசுவாசப் பிரமாணம் எடுத்தால்தான் பாதிரியாராகப் பணி செய்யலாம் என்றார், இவர் மறுத்தார். 1932இல் இங்கிலாந்து போனபோது, அரசியலில் தலையிடமாட்டேன் என்று எழுதிக் கொடுத்த பிறகுதான் பிரிட்டிஷ் அரசு திரும்பிவர அனுமதித்தது. 1935இல் திருச்சபையை விட்டே வெளியே வந்துவிட்டார். காந்திய வழியோடும் மனஸ்தாபம் வந்தது. மதுவிலக்கு, பிரம்மச்சரியம், ராட்டை என்ற மூன்றையும் பருத்தியே விளையாத ஒரு காட்டுச் சனத்தின் தலையில் கட்டுவது சரியா என்று கேட்க ஆரம்பித்தார். இலுப்பை மாதிரியான மஹுவா மரத்தின் பூதான் அங்கே பஞ்சகால உணவு, சாராயம், சாமிக்குப் படையல் எல்லாம். ஆலையில்லா ஊருக்கு இலுப்பைப்பூ சர்க்கரை என்று நாம் சொல்கிறோமே, அங்கே அது பழமொழி இல்லை, வாழ்க்கை.

ஆக மதம் போச்சு, அரசியல் போச்சு, ஆசிரமமும் போச்சு. மிஞ்சினது பேனா. ஆரம்பத்தில் வயிற்றுப்பாட்டுக்காக நாவல்கூட எழுதினார். 1936இல் வந்த அவருடைய நாட்குறிப்புப் புத்தகம் ஒரு சிரிப்புப் புத்தகம் என்றே சொல்லலாம். முக்கால்வாசி கேலி தன்னைப் பற்றித்தான்.

அப்புறம் 1939இல் பைகா மக்களைப் பற்றிய பெரிய புத்தகம். இங்கே கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏன் என்றால் விஷயம் இதில்தான் இருக்கிறது.

பைகாக்கள் ஏர் பூட்ட மாட்டார்கள். காட்டில் ஒரு சரிவைக் கோடாலியால் வெட்டி, காயவைத்து, மழைக்கு முன் தீ வைத்து, அந்தச் சாம்பலில் வரகு, சாமை விதைப்பார்கள். இரண்டு மூன்று வருஷம் விளைந்ததும் அதை விட்டுவிட்டு வேறு சரிவுக்குப் போவார்கள். விட்ட இடத்தில் காடு மறுபடி முளைக்கும். பேவர் என்று பெயர். குறிஞ்சிப் பாட்டுகளில் நாம் படித்த தினைப்புனத்தின் உடன்பிறப்பு என்று வைத்துக்கொள்ளுங்கள். அவர்களுடைய கதைப்படி உலகத்தின் முதல் மனிதன் நங்கா பைகா. ஆடிக்கொண்டிருந்த பூமியை ஆணி அடித்து நிறுத்தினவன் அவன்தான். பகவான் அவனுக்கு ராஜ்யத்தைக் கொடுக்க வந்தபோது, அதைக் கோண்டுக்குக் கொடுத்துவிட்டுத் தனக்குக் காட்டை வைத்துக்கொண்டான். பூமித்தாயின் மார்பைக் கலப்பையால் கிழிக்காதே என்பது அவனுக்கு இடப்பட்ட கட்டளை.

வந்தது வனத்துறை. சால மரம் என்றால் அவர்களுக்கு ரயில்வே கட்டை, அதாவது காசு. காடுகள் 'ரிசர்வ்' ஆயின. பேவர் தடை செய்யப்பட்டது. 1890இல் பைகா சக் என்று ஒரு வட்டம் போட்டு, சில கிராமங்களில் மட்டும் அனுமதித்தார்கள். மற்றவர்களிடம் கோடாலியைப் பிடுங்கிக் கலப்பையைக் கொடுத்தார்கள். ஒரு வேளாண்மை முறையை மாற்றினோம் என்று அதிகாரி ரிப்போர்ட்டில் எழுதியிருப்பார். ஆனால் பைகாவைப் பொறுத்தவரை தாயின் மார்பைக் கிழிக்கச் சொல்லிவிட்டார்கள். எல்வின் செய்தது, இந்த இரண்டாவது ரிப்போர்ட்டை எழுதியதுதான். காடு போனால் மழைக்குச் சொல்கிற மந்திரம் போகும், மந்திரம் போனால் மந்திரவாதிக்கு மரியாதை போகும், கடைசியில் மனுஷனுக்குத் தன் மேலேயே நம்பிக்கை போகும் என்று ஒன்றன்பின் ஒன்றாகக் கோத்துக் காட்டினார். இந்த மனமுறிவைப் பற்றியே 1941இல் தனியாக ஒரு சிறு பிரசுரமும் போட்டார்.

அடுத்து 1942இல் அகாரியா என்னும் இரும்பு உருக்கும் குடிகளைப் பற்றி. மண்ணால் கட்டின சின்ன உலை, காலால் மிதிக்கிற துருத்தி, காட்டுக்கரி, மலைக்கல். இதில் அவர்களே இரும்பு எடுத்து அரிவாள், கோடாலி, கொழு எல்லாம் செய்தவர்கள். உலைக்கு வரி போட்டார்கள், கரிக்குக் கட்டுப்பாடு வந்தது, சந்தையில் ஆலை இரும்பு மலிவாக வந்து குவிந்தது. உலைகள் ஒவ்வொன்றாக அணைந்தன. இந்த ஆராய்ச்சிக்கு டாடா நிறுவனத்தாரின் உதவி கிடைத்தது என்பதை நினைத்தால் சிரிப்பதா என்று தெரியவில்லை.

பஸ்தர் சமஸ்தானத்தில் மரியா மக்களிடையே கொலை அதிகம் என்ற பேச்சு இருந்தது. எல்வின் 100 கொலை வழக்குகளின் கட்டுகளை எடுத்துப் படித்து, கிராமங்களில் விசாரித்து, 1943இல் ஒரு புத்தகம் எழுதினார். குற்றவாளிக் கூட்டம் என்ற முத்திரையை அழித்து, களைப்பு, சந்தேகம், சூனிய பயம், கோபத்தில் வந்த ஒரு வார்த்தை என்று ஒவ்வொரு கொலைக்கும் பின்னால் இருந்த மனுஷனைக் காட்டினார். நீதிபதிகளும் போலீசும் படிக்க வேண்டும் என்பதுதான் நோக்கம். 1947இல் முரியாக்களின் கோட்டுல் பற்றிய நூல் வந்தது. கல்யாணம் ஆகாத பையன்களும் பெண்களும் இரவில் சேர்ந்து தங்கி, ஆடிப்பாடி, வேலை பழகுகிற பொதுக்கூடம் அது. இந்தப் புத்தகத்தைப் பாதிப்பேர் தப்பான காரணத்துக்காகத்தான் வாங்கியிருப்பார்கள் என்பது என் அபிப்பிராயம்.

பஸ்தரில் முரியாவும் மரியாவும் பேசுகிற கோண்டி நம் திராவிடக் குடும்பத்து மொழி. அங்கேயும் கை 'கை'தான், மரம் 'மரா'. ஜபல்பூரில் இருந்தபோது பஸ்தரிலிருந்து வந்த ஒரு பியூன் விளக்கைக் காட்டி, கண்ணைக் காட்டி, கையைக் காட்டிச் சொல்லச் சொல்ல, எங்கோ தொலைந்த சொந்தக்காரரைப் பார்த்த மாதிரி இருந்தது. எல்வினுக்கு மண்ட்லா பக்கத்து இந்தி நன்றாக வரும். கோண்டிக்கும் ஒரிசா மலைமொழிகளுக்கும் அவர் மொழிபெயர்ப்பாளர்களையே நம்பினார். இதை அவருடைய குறை என்று சொன்னவர்கள் உண்டு, நானும் சொல்வேன்.

அவர் மேல் பெரிய தாக்குதல் வந்தது வேறு இடத்திலிருந்து. பைகாக்களை வெளியார் சுரண்டல் தொடாத ஒருவகை 'நேஷனல் பார்க்'குக்குள் காப்பாற்ற வேண்டும் என்று 1939இல் அவர் எழுதிவிட்டார். வார்த்தை ஒண்ணுதான், ஆனால் ஆயுசுக்கும் துரத்திற்று. மனுஷனை மிருகக் காட்சி சாலையில் அடைக்கப் பார்க்கிறார் என்றார்கள். பம்பாய்ப் பல்கலைக்கழகத்தின் சமூகவியல் பேராசிரியர் கூர்யே 1943இல் தனிப் புத்தகமே எழுதி, ஆதிவாசி என்று தனியாக யாரும் கிடையாது, இவர்கள் பின்தங்கிய இந்துக்கள், சமுதாயத்தோடு கலப்பதுதான் வழி என்றார். தக்கர் பாபாவும் ஒதுக்கி வைப்பதை ஒப்பவில்லை. இரண்டு பக்கமும் நியாயம் இருந்தது. கலந்துவிடு என்று சொல்வது சுலபம். ஆனால் எந்தப் படிக்கட்டில் கொண்டுபோய் நிறுத்தினார்கள்? கடன்காரனாக, கூலியாக, கடைசிப் படியில். அதைக் கண்ணால் பார்த்துவிட்டு எழுதினவர் எல்வின். அதே சமயம், தனியாக இருக்கட்டும் என்று முடிவு செய்ய அவர் யார் என்று கேட்டாலும் பதில் கிடையாது.

இங்கே ஒரு கசப்பான விஷயத்தைச் சொல்லாமல் போனால் கட்டுரை பொய்யாகிவிடும். 1940இல் எல்வின் ஒரு கோண்டுப் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டார். பிள்ளை பிறந்தது. 1949இல் விவாகரத்து. பின்னாளில் வேறொரு பழங்குடிப் பெண்ணை மணந்து கடைசிவரை நன்றாகவே வாழ்ந்தார். ஆனால் ஒரு பழங்குடியின் பிறப்பு, சடங்கு, கனவு எல்லாவற்றையும் நூற்றுக்கணக்கான பக்கங்களில் எழுதினவர், தன் சுயசரிதையில் அந்த முதல் மனைவியைச் சில வரிகளில் கடந்துவிடுகிறார். அந்த அம்மாள் வயதான காலத்தில் கிராமத்தில் வறுமையில் இருப்பதாகப் பத்திரிகைகள் எழுதியதைப் படித்தேன். அவர்கள் பக்கத்துக் கதையை எழுத ஓர் எல்வின் அமையவில்லை. மாணவ நண்பர்கள் யாராவது ஆராய்ச்சிக்குத் தலைப்பு தேடினால், எழுதப்பட்டவர்களின் பக்கத்திலிருந்து இந்தச் சரித்திரத்தைப் பார்க்கலாம்.

1946 முதல் 1949 வரை இந்திய மானிடவியல் ஆய்வுத் துறையில் துணை இயக்குநராக இருந்தது, ஒரிசாவில் போண்டோ, சவரா மக்களைப் பற்றி எழுதினது இவற்றை விரிக்க இடமில்லை. 1954க்கு வருகிறேன். வடகிழக்கு எல்லை முகமை, அப்போது சுருக்கமாக 'நேஃபா', இன்று அருணாசலப் பிரதேசம். 1953 அக்டோபரில் அங்கே அச்சிங்மோரி என்ற இடத்தில் தாகின் குடியினர், உள்ளே வந்த அசாம் ரைஃபிள்ஸ் படையினரைத் தாக்கிப் பலரைக் கொன்றுவிட்டார்கள். விமானத்தில் போய்க் குண்டு போடு, ஊரைக் கொளுத்து என்ற குரல்கள் கிளம்பின. நேரு மறுத்துவிட்டார். குற்றவாளிகளைப் பிடியுங்கள், கிராமங்களைத் தொடாதீர்கள் என்பதுதான் வழியாயிற்று. கவர்னரின் ஆலோசகராயிருந்த நாரி ருஸ்தம்ஜியின் முயற்சியால் அடுத்த ஜனவரியில் பழங்குடி விவகார ஆலோசகராக ஷில்லாங்குக்கு வந்தார் எல்வின். அதே ஆண்டு இந்தியக் குடிமகனும் ஆனார்.

வெளியில் இருந்து திட்டிக்கொண்டிருந்தவருக்கு இப்போது கையில் அதிகாரம். ஜீப் போகாத மலைகளில் வாரக்கணக்கில் நடந்தார். பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்குச் சமவெளி உடையை மாட்டாதீர்கள், நெசவை விடவிடாதீர்கள், கட்டடம் என்றால் தகரக்கூரை என்று நினைக்காதீர்கள், அதிகாரி என்றால் உட்கார்ந்து அவர்களோடு சாப்பிடத் தெரிந்தவராக இருக்கணும் என்றார். 1957இல் இதையெல்லாம் நேஃபாவுக்கான ஒரு தத்துவமாகவே புத்தகமாக்கினார். அதன் இரண்டாம் பதிப்புக்கு நேரு எழுதின முன்னுரையில்தான், பின்னால் பழங்குடிப் பஞ்சசீலம் என்று பெயர் பெற்ற ஐந்து கருத்துகள் வருகின்றன. அவர்கள் தங்கள் போக்கிலேயே வளரட்டும், நாம் எதையும் திணிக்க வேண்டாம். நிலத்திலும் காட்டிலும் அவர்களுக்குள்ள உரிமையை மதிக்க வேண்டும். நிர்வாகத்துக்கு அவர்களிலேயே ஆட்களைப் பழக்க வேண்டும். அளவுக்கு மீறி நிர்வாகம் செய்து திட்டங்களைக் கொட்டக் கூடாது. செலவழித்த பணத்தையும் புள்ளிவிவரத்தையும் வைத்து இல்லாமல், உருவான மனிதப் பண்பை வைத்துப் பலனை எடைபோட வேண்டும்.

முப்பத்திரண்டு வருஷம் வங்கியில் 'டார்கெட்' கணக்கு எழுதினவன் நான். அந்த ஐந்தாவது கருத்தைப் படித்தபோது வெட்கமாக இருந்தது. மண்ட்லாவில் நான் வசூலிக்கப் போன கடன்களில் பாதி, கேட்காதவர்களுக்குக் கொடுத்த கறவை மாட்டுக் கடன்.

முதல் நாலு கருத்துகளுக்கு என்ன ஆயிற்று என்பது எல்வினுக்கே தெரிந்திருந்தது. பழங்குடி வட்டாரங்களில் நடந்த 43 சிறப்பு வளர்ச்சித் திட்டங்களைப் பார்வையிட்ட குழுவுக்கு அவர் தலைவராக இருந்தார். 1960இல் கொடுத்த அறிக்கையில், சனங்களுக்கு வேண்டியது எதுவென்று கேட்காமலே பணம் கட்டடத்துக்கும் ஜீப்புக்கும் போவதை எழுதினார். 1961இல் பத்மபூஷண் கிடைத்தது. 1964 பிப்ரவரி 22ஆம் தேதி டெல்லியில் மாரடைப்பில் காலமானார். நேரு போனதும் அதே ஆண்டு மே மாதம். சுயசரிதை அச்சாகி வந்தபோது ஆசிரியர் இல்லை. 1965இல் அதற்குச் சாகித்திய அக்காதமி பரிசு கொடுத்தார்கள். 1999இல் ராமச்சந்திர குஹா இவருடைய வாழ்க்கையை விரிவாக எழுதினார். தமிழில் மலை மலையாக ஏறி இறங்கி ஆதிவாசிகளைப் பற்றி எழுதிய பிலோ இருதயநாத்துக்கு அப்படி ஒரு வாழ்க்கை வரலாற்றை யார் எழுதப் போகிறார்கள்?

பைகா சக் என்ன ஆயிற்று என்று கேட்பீர்கள். மண்ட்லாவிலிருந்து பிரிந்து 1998இல் டிண்டோரி தனி மாவட்டமானது. 2006இல் வன உரிமைச் சட்டம் வந்தது. அதன் கீழ், 2010களின் நடுவில், பைகா சக்கின் சில கிராமங்களுக்கு அவர்கள் வாழ்விடத்தின் மேல் கூட்டு உரிமை வழங்கப்பட்டது. நாட்டிலேயே அதுதான் முதல் தடவை என்று செய்தி வந்தது. 1890இல் அதிகாரி கீறின வட்டத்துக்குள்ளேயே, நூற்றிருபது வருஷத்துக்கு மேல் கழித்து, 'இது உங்களுடையது' என்று ஒரு காகிதம்.

கடைசியாக ஒரு சங்கதி. எல்வினும் ஷாம்ராவும் கரஞ்சியாவிலிருந்து கிளம்பி 1940களில் குடியிருந்த ஊர் பாட்டன்கர். கோண்டுகளின் பாணர்களான பர்தான் குடியினர் வாழ்கிற ஊர். பாணா என்ற நரம்புக் கருவியை மீட்டி, கோண்டுகளின் பெரிய சாமியையும் ராஜாக்களையும் பாடுவது அவர்கள் குலத்தொழில். பாட்டுக் கேட்கிற ஆதரவு குறைந்து, பாணா மூலையில் தொங்க ஆரம்பித்த காலத்தில், அதே ஊரில் 1960களின் தொடக்கத்தில் பிறந்த ஜங்கட் சிங் ஷியாம், பாடினதைச் சுவரில் வரைந்தார். 1980களின் தொடக்கத்தில் போபால் பாரத் பவனைச் சேர்ந்த ஓவியர் சுவாமிநாதனின் குழு அவரைக் கண்டுபிடித்து அழைத்துப் போயிற்று. 1989இல் பாரிசில் கண்காட்சி. 2001இல் ஜப்பானில் இறந்துபோனார், நாற்பது வயதுகூட ஆகவில்லை. அவர் உறவுக்காரர் பஜ்ஜு ஷியாமும் அதே பாட்டன்கர்க்காரர்தான். அவர் லண்டனுக்கு ஓர் ஓட்டலில் சுவர் ஓவியம் வரையப் போய்வந்து, அந்த வெள்ளைக்கார ஊரையும் அதன் சனங்களையும் தான் பார்த்த மாதிரியே படங்களாக வரைந்தார். அது 2004இல் புத்தகமாக வந்தது. போட்டது நம் சென்னையிலுள்ள தாரா பதிப்பகம். அதில் லண்டன் பிக்பென் கடிகாரம் ஒரு சேவலாக ஆகியிருக்கிறது. ஊரில் நேரம் சொல்வது சேவல்தானே!

அந்தப் புத்தகத்தின் ஒரு பிரதியையும் எல்வின் சுயசரிதையின் ஒரு பிரதியையும் நம் கல்லூரி நூலகத்துக்குக் கொடுத்திருக்கிறேன். வரலாற்று அலமாரியில் ஒன்றும் ஓவிய அலமாரியில் ஒன்றுமாகப் பிரித்து வைத்துவிட்டார்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கச் சொல்லி நூலகரிடம் கேட்டிருக்கிறேன். பார்க்கலாம் சார் என்றிருக்கிறார்.